கூரையும் ஒரு வயலே: நம் நகருக்கு வெளிச்சம் வந்த வரலாறு



ஞாயிற்றைப் போற்றிப் பொங்கலிடுவது தமிழர் மரபு. பிழைப்பு நாடி எந்த ஊருக்குச் சென்று குடியேறினாலும் அந்த மரபை நாம் கைவிட்டதில்லை. காலனி வீடாயினும், குவார்ட்டர்ஸாயினும், தைத் திங்கள் முதல் நாள் காலையில் வாசலில் கோலமிட்டுப் புதுப்பானையில் பால் பொங்கும்போது கிழக்கு நோக்கிக் கைகுவிக்கின்றோம். அந்த ஞாயிறு இதுகாறும் நெல்லை விளைத்துத் தந்தது. கரும்பை விளைத்துத் தந்தது. இன்று நம் தலைக்குமேல், கூரையின் மீது, மின்சாரத்தையும் விளைத்துத் தருகின்றது. திருவனந்தபுரத்தின் தெருக்களில் நடப்போர் இந்தப் புதிய வேளாண்மையைக் காணாதிருக்க இயலாது.

வயல் என்று சொன்னால் பட்டா யாருடையது என்ற கேள்வியும் உடன் வரும். நிலம் யாருடையது, உழுபவர் யார், யாருக்கு எவ்வளவு வாரம் என்ற வழக்குகள் நம் முன்னோர் காலந்தொட்டு நடந்து வருபவை. கூரை வயலாகிவிட்ட இந்நாளில் அதே வழக்குகள் கூரைமேல் ஏறிவிட்டன. சொந்த வீடு உடையவர்க்குக் கதிரவன் கூலியின்றி உழைக்கின்றான். வாடகை வீட்டிலும், துறைக் குடியிருப்பிலும், அடுக்குமாடியிலும் வாழும் நம்மனோர்க்கு அவன் உழைப்பானா? இக்கேள்விக்கு விடை காண வேண்டுமாயின், இந்நகருக்கு வெளிச்சம் வந்த வழியை முதலிலிருந்து பார்த்தல் நலம். நாம் பொறியியல் கற்றவர் அல்லோம். பள்ளி இறுதி வகுப்புத் தேறி இரயில்வேயில் பேரேடு எழுதுவோர். ஆதலின் வரலாற்றுடன் சிறிது கணக்கும் கலந்திருக்கும். அன்பர்கள் பொறுத்தருள்க.

எண்ணெய் விளக்கும் பவர் ஹவுஸும்

தம்பானூர் இரயில் நிலையத்தின் தென்புறம் இறங்குவோர் பவர் ஹவுஸ் ரோட்டில் கால் வைக்கின்றனர். நாள்தோறும் ஆயிரவர் நடக்கும் அச்சாலைக்கு அப்பெயர் வந்த காரணத்தை நினைப்பவர் சிலரே. திருவிதாங்கூரை மகாராணி சேது லட்சுமிபாய் ஆட்சிப் பொறுப்பேற்று நடத்திய காலத்தில், 1929-ஆம் ஆண்டில், இந்நகருக்கு முதன்முதலாக மின்விளக்கு வந்தது. அதற்கான அனல்மின் நிலையம் நகருக்குள்ளேயே இயங்கியது. அதுவரை மாளிகையில் எரிந்ததும் குடிசையில் எரிந்ததும் எண்ணெய் விளக்கே. செல்வர் வீட்டில் திரிகள் பல. ஏழை வீட்டில் திரி ஒன்று. வேறுபாடு அவ்வளவே.

இரண்டாண்டு கழித்து, 1931-இல், இரயில் பாதை தம்பானூர்வரை நீண்டது. அதற்குமுன் 1918 முதல் கொல்லத்திலிருந்து வந்த வண்டி நகரின் ஓரத்திலேயே நின்றுவிடும். ஆக, வெளிச்சமும் வண்டியும் ஏறத்தாழ ஒரே காலத்தில் நகரின் நடுவே வந்து சேர்ந்தன. நாஞ்சில் நாட்டு நெல்லையும் வாழையையும் மாட்டு வண்டியில் ஏற்றிக்கொண்டு சாலைக் கடைத்தெருவுக்கு வந்த தமிழ் வணிகரும், கரமனையிலும் வலியசாலையிலும் அக்கிரகாரங்களில் குடியிருந்த குடும்பங்களும் அந்தப் புதுமையைக் கண்டு வியந்திருப்பர் என்பதில் ஐயமில்லை.

அந்நாளைய மின்சாரம் சிலருக்கே உரியது. கம்பி எந்தத் தெருவில் சென்றதோ அந்தத் தெருவுக்கே வெளிச்சம். பணம் கட்ட இயன்றவருக்கே இணைப்பு. இதனை அன்பர்கள் நினைவிற் கொள்க. புதிய வசதி எதுவாயினும் முதலில் உள்ளவர் வீட்டுக் கதவையே தட்டுகின்றது. அது இல்லாதவர் வீட்டுக்கும் செல்லுமாறு செய்வது ஆட்சியின் கடமையும் மக்களின் முயற்சியுமாகும்.

மலையிலிருந்து இறங்கிய மின்சாரம்

நகருக்குள் எரிபொருளை எரித்து எடுக்கும் மின்சாரம் நாட்டுக்குப் போதாது என்பது விரைவில் விளங்கிற்று. மூணாற்றுக்கு அருகே முதிரப்புழை ஆற்றை மறித்துப் பள்ளிவாசல் நீர்மின் திட்டம் தொடங்கப்பட்டு, 1940-இல் மின்சாரம் தந்தது. முதற்கட்டத்தில் அதன் ஆற்றல் 13.5 மெகாவாட். இன்று அது சிறிய எண்ணாகத் தோன்றும். அன்றோ ஒரு நாட்டின் தொழில்வளமே அதனை நம்பி எழுந்தது. ஆலுவாயில் அலுமினியத் தொழிற்சாலை வந்ததும் இம்மின்சாரத்தை நம்பியே. அப்போது திருவிதாங்கூரின் திவானாக இருந்தவர் சர் சி. பி. இராமசாமி ஐயர். அவர் அதற்குமுன் சென்னை அரசில் பொறுப்பு வகித்தபோது பைகாரா, மேட்டூர்த் திட்டங்களுக்கு ஊக்கமளித்தவர். மலைநீரை மின்சாரமாக்கும் எண்ணம் தமிழகத்துக்கும் திருவிதாங்கூருக்கும் ஏறத்தாழ ஒரே காலத்தில் கைகூடிற்று எனலாம்.

1956-இல் மொழிவழி மாநிலங்கள் அமைந்தன. நாஞ்சில் நாடு தமிழகத்துடன் சேர்ந்தது. திருவனந்தபுரம் கேரளத்தின் தலைநகராயிற்று. அடுத்த ஆண்டே, 1957-இல், கேரள மின்சார வாரியம் அமைந்தது. 1966-இல் சபரிகிரி இயங்கத் தொடங்கியது. 1976-இல் குறவன் மலைக்கும் குறத்தி மலைக்கும் இடையே வில்லென வளைந்து நிற்கும் இடுக்கி அணையின் மின்நிலையத்தை இந்திரா காந்தி அம்மையார் தொடங்கி வைத்தார். இரண்டு கட்டங்களும் நிறைவுற்றபோது அதன் ஆற்றல் 780 மெகாவாட் ஆயிற்று. மழையுள்ள நாடு, மலையுள்ள நாடு. இனி மின்சாரத்துக்குக் குறைவில்லை என்று அக்காலத்தோர் எண்ணினர்.

ஆனால் அணைக்கு அணை காடு மூழ்க வேண்டியிருந்தது. பாலக்காட்டு மலையில் அமைதிப் பள்ளத்தாக்கில் அணை கட்டக் கருதியபோது நாடெங்கும் எதிர்ப்பு எழுந்தது. அத்திட்டம் கைவிடப்பட்டு, 1984-இல் அக்காடு தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்டது. அதன்பின் பேரணைகளின் காலம் கேரளத்தில் மெல்ல முடிந்தது. மக்கள்தொகை பெருகிற்று, வீட்டுக்கு வீடு மின்விசிறியும், குளிர்ப்பெட்டியும், பின்னர்க் குளிர்சாதனமும் வந்தன. இன்று கேரளம் தனக்கு வேண்டும் மின்சாரத்தின் பெரும்பகுதியை வெளியிலிருந்தே பெறுகின்றது.

தும்பைக் கடற்கரையில் ஒரு விதை

மலை கைவிட்ட இடத்தில் வானம் கைகொடுக்குமா என்ற கேள்வி இங்குதான் எழுகின்றது. இக்கேள்விக்கும் நம் நகருக்கும் பழைய தொடர்பு உண்டு.

ஒளி பட்டால் சில பொருள்களில் மின்னோட்டம் பிறக்கின்றது என்பதைப் பிரெஞ்சு அறிஞர் எட்மண்ட் பெக்கரல் 1839-இலேயே கண்டார். 1954-இல் அமெரிக்காவின் பெல் ஆய்வுக்கூடத்தார் சிலிக்கனால் சூரிய மின்கலம் செய்தனர். அதன்மீது விழுந்த ஒளியில் நூற்றுக்கு 6 பங்கே மின்சாரமாயிற்று. விலையோ யானை விலை. வீட்டுக்கு உதவாத அப்பொருள் விண்வெளிக்கு உதவிற்று. 1958-இல் சென்ற வான்கார்டு செயற்கைக்கோள் சூரிய மின்கலத்தைச் சுமந்து சென்றது. மேலே எண்ணெய் ஊற்றவும் நிலக்கரி அள்ளிப் போடவும் ஆளில்லை அன்றோ!

1963 நவம்பர் 21-இல் நம் நகரையடுத்த தும்பையிலிருந்து இந்தியாவின் முதல் ஆய்வு ராக்கெட் எழுந்தது. டாக்டர் விக்ரம் சாராபாயின் தலைமையில், மீனவர் குடியிருப்பின் நடுவே இருந்த மாதா கோயிலே அலுவலகமாக அமைய, அப்பணி தொடங்கிற்று. 1975-இல் விண்ணிற் சென்ற ஆரியபட்டா செயற்கைக்கோளின் உடலெங்கும் சூரிய மின்கலங்கள் பதிக்கப்பட்டிருந்தன. 1980-இல் எஸ்.எல்.வி.-3 ஏவுகலம் ரோகிணியைச் சுற்றுப்பாதையில் நிறுத்தியது. அவ்வேவுகலம் உருவானது இந்நகரில். திட்டத்தின் இயக்குநர் இராமேசுவரத்துத் தமிழரான அப்துல் கலாம். சூரிய ஒளியில் வாழும் கருவிகளை வானுக்கு அனுப்பிய ஊர் இது. அவ்வொளியைத் தன் கூரையில் வாங்கிக்கொள்ள இவ்வூருக்கு மேலும் பல ஆண்டுகள் ஆயின. காரணம் விலையே.

மரபுசாரா எரிசக்திக்கென 1986-இல் கேரள அரசு அனெர்ட் என்னும் நிறுவனத்தை இந்நகரில் அமைத்தது. சூரிய விளக்கு, சாண எரிவாயு என்று அது சிறு சிறு பணிகளைச் செய்து வந்தது. 2010-க்குப் பின் உலகச் சந்தையில் சூரிய மின்தகட்டின் விலை சரிந்தது. பத்தாண்டுகளில் ஏறத்தாழப் பத்தில் ஒரு பங்காயிற்று. மக்கள் சோலார் பேனல் என்று வழங்கும் அத்தகடு அதன்பின்னரே குடும்பத்தாரின் கைக்கெட்டும் பொருளாயிற்று.

நிலம் உள்ளவரும் நிலம் இல்லாதவரும்

தகடு மலிந்தால் மட்டும் போதாது. அதை விரிக்க இடம் வேண்டும். தமிழகத்தில் இராமநாதபுரம் மாவட்டத்துக் கமுதியில் 2016-இல் 648 மெகாவாட் சூரிய மின்நிலையம் எழுந்தது. அதற்குப் பிடித்த நிலம் ஏறத்தாழ 2,500 ஏக்கர். மெகாவாட்டுக்கு நான்கு ஏக்கர் என்று கணக்கிடலாம். வானம் பார்த்த பூமியில் அது இயலும். கேரளத்தில் 2,500 ஏக்கருக்கு எங்கே போவது? 2011-ஆம் ஆண்டுக் குடிக்கணக்கின்படி திருவனந்தபுரம் மாவட்டத்தில் சதுர கிலோமீட்டருக்கு 1,508 பேர். வீட்டுக்கும் வீட்டுக்கும் இடையில் ஒரு தென்னை நிற்கும். அதற்கப்பால் அடுத்த வீடு.

ஆதலின் கேரளத்தார் கிடைத்த இடத்தையெல்லாம் பயன்படுத்த முனைந்தனர். கொச்சி விமான நிலையத்தார் 45 ஏக்கரில் 12 மெகாவாட் நிலையம் அமைத்து, 2015 ஆகஸ்டில் முழுதும் சூரிய ஆற்றலால் இயங்கும் உலகின் முதல் விமான நிலையம் என்ற பெயர் பெற்றனர். வயநாட்டின் பாணாசுர சாகர் நீர்த்தேக்கத்தில் 2017-இல் தகடுகளை நீர்மேல் மிதக்க விட்டனர். இரயில்வேயும் பின்தங்கவில்லை. சென்னை சென்ட்ரல் நிலையத்தின் நடைமேடைக் கூரைகளில் 1.5 மெகாவாட் அளவுக்குத் தகடுகள் பதிக்கப்பட்டு, 2021-இல் பகற்பொழுதின் தேவை முழுவதையும் அவை நிறைவு செய்யும் நிலை வந்தது. வெயிலுக்கும் மழைக்கும் பயணியைக் காத்த கூரை, மின்சாரமும் ஈட்டத் தொடங்கிற்று. நிலம் இல்லாதவர்க்குக் கூரையே வயல்.

சிங்கப்பூர் கற்றுத் தரும் பாடம்

இவ்வுண்மையை நன்குணர்ந்து செயற்பட்ட நாடு சிங்கப்பூர். நம் சங்கத்துக் குடும்பங்களில் அங்கே மகனோ மருமகளோ இல்லாத வீடு குறைவு. தமிழ் ஆட்சிமொழிகளுள் ஒன்றாக விளங்கும் அந்நாடு, பரப்பில் நம் திருவனந்தபுரம் மாவட்டத்தில் மூன்றில் ஒரு பங்கே. மக்களோ 60 இலட்சம். மலையில்லை, அருவியில்லை, காற்றாலைக்கு ஏற்ற காற்றுமில்லை. மின்சாரத்தில் நூற்றுக்குத் தொண்ணூற்றுக்கு மேற்பட்ட பங்கை வெளிநாட்டிலிருந்து வாங்கும் எரிவாயுவைக் கொண்டே ஆக்குகின்றனர். அவர்களுக்கு இருப்பது வெயில் ஒன்றே. அதுவும் நம்மூர் போல மேகம் மறைக்கும் வெயில்.

அங்கே மக்களுள் பத்தில் எட்டுப் பேர் அளவுக்கு வீடமைப்பு வளர்ச்சிக் கழகத்தின் அடுக்குமாடிகளில் வாழ்கின்றனர். எவர்க்கும் தனிக் கூரை கிடையாது. இது குறை என்றே நாம் எண்ணுவோம். அவர்கள் அதனை நிறையாக்கினர். 2008-இல் சில அடுக்குமாடிகளின் உச்சியில் தகடு வைத்துச் சோதித்தனர். 2014-இல் சோலார்நோவா என்னும் திட்டம் வகுத்து, வீடமைப்புக் கழகக் கட்டிடங்களின் கூரைகளையும் அரசு அலுவலகக் கூரைகளையும் ஒன்றாகத் திரட்டி மொத்தமாக ஏலம் விட்டனர். தகட்டை வைப்பதும் பேணுவதும் ஏலம் எடுத்த நிறுவனத்தின் பொறுப்பு. விளைந்த மின்சாரம் முதலில் அக்கட்டிடத்தின் மின்தூக்கிக்கும், நடைவழி விளக்குக்கும், நீரேற்றும் பம்புக்கும் செல்லும். மிஞ்சியது பொதுக் கம்பியில் சேரும். கூரை பொதுவாதலின் பயனும் பொதுவாயிற்று. பத்தாம் மாடியில் இருப்பவர்க்கும் முதல் மாடியில் இருப்பவர்க்கும் மின்தூக்கி ஒன்றே அன்றோ!

கூரை போதாதபோது நீரை நாடினர். 2021 ஜூலையில் தெங்கே நீர்த்தேக்கத்தின்மேல் 1,22,000 தகடுகளை மிதக்கவிட்டு 60 மெகாவாட் நிலையம் தொடங்கினர். ஜொகூர் நீரிணையில் கடல்நீர்மேலும் ஒரு சிறு நிலையம் மிதக்கின்றது. 2030-க்குள் குறைந்தது 2,000 மெகாவாட் என்பது அவர்கள் வகுத்த இலக்கு. கமுதியின் கணக்குப்படி இதனை நிலத்தில் வைப்பதாயின் 8,000 ஏக்கர் வேண்டும். அவ்வளவையும் கூரையிலும் நீரிலும் தேடுவது எளிய செயலன்று.

ஆயினும் கணக்கை மறைத்தல் கூடாது. அந்த 2,000 மெகாவாட்டும் நிறைந்தால்கூட, அந்நாட்டின் ஆண்டுத் தேவையில் அது நூற்றுக்கு 3 பங்கு அளவே ஆகும் என்று அவர்களே கூறியுள்ளனர். கட்டிடம் உயர உயர, ஒரே கூரையைப் பங்கிட்டுக்கொள்ளும் குடும்பங்கள் மிகுகின்றன. தலைக்குக் கிடைக்கும் வெயில் குறைகின்றது. அதனால்தான் அவர்கள் 2022 முதல் லாவோஸ் நாட்டு நீர்மின்சாரத்தைத் தாய்லாந்து, மலேசியா வழியாகக் கம்பியில் வரவழைத்தனர். சூரியன் ஒருவனே எல்லாம் செய்வான் என்று எவரும் சொல்லவில்லை. செய்யக்கூடியதை வீணாக்காதே என்பதே அங்கிருந்து நாம் கற்கும் பாடம்.

நம் நகரின் கூரைகள்

இனி நம் நகருக்குத் திரும்புவோம். திருவனந்தபுரம் சிங்கப்பூரைப் போல் வானளாவ உயர்ந்த நகரன்று. இதன் கூரைகளுக்கும் ஒரு வரலாறு உண்டு. ஓலை வேய்ந்த கூரை முன்னாளையது. பின்னர் மங்களூரிலும் கோழிக்கோட்டிலும் பாசல் மிஷனார் தொடங்கிய ஓட்டுத் தொழிலால் ஓட்டுக் கூரை பரவிற்று. வளைகுடா நாடுகளின் பணம் வந்த காலத்தில் கான்கிரீட் மாடி எழும்பிற்று. மழை ஒழுகவே அம்மாடிக்கு மேலும் தகரக் கூரை போட்டனர். ஓலையும் ஓடும் தாங்காத சுமையைக் கான்கிரீட்டும் இரும்புச் சட்டமும் தாங்குகின்றன. மழைக்கென்று போட்ட தகரக் கூரை, தகடு பதிக்க வசதியான சரிவாக அமைந்துவிட்டது. நம் ஊர் நிலநடுக்கோட்டுக்கு அணித்தாதலின் சிறு சரிவே போதும். தெற்கு நோக்கியிருத்தல் நலம். மழை வந்து தூசியைக் கழுவிவிடும். ஆனி, ஆடியில் விளைச்சல் குறையும். மாசி, பங்குனியில் பெருகும். பக்கத்துத் தென்னையின் நிழல் விழாமற் பார்த்துக்கொள்ள வேண்டும், தேங்காய் விழாமலும்!

மாநிலத்துக்கு ஒரு நகரையேனும் சூரிய நகரமாக்குதல் வேண்டும் என்னும் மத்திய அரசின் நெறிப்படி, கேரளம் தன் தலைநகரைத் தெரிந்தெடுத்தது. 2020-க்குப் பின், அனெர்ட்டும் ஸ்மார்ட் சிட்டி நிறுவனமும் இணைந்து அரசுக் கட்டிடங்களின் மாடிகளில் தகடு பதித்து வந்தன. அதற்கு முன்னரே, 2018-இல், மின்சார வாரியம் சௌரா என்னும் திட்டத்தை அறிவித்திருந்தது. அதில் ஒரு வகை நம் கருத்துக்கு உரியது. வாரியமே தன் செலவில் நம் கூரையில் தகடு வைத்து, விளைவில் பத்தில் ஒரு பங்கைக் கூரைக்கு உரியவர்க்குக் கொடுப்பதாக அது அன்று வகுக்கப்பட்டது. நாஞ்சில் நாட்டு வார முறையைக் கண்டவர்க்கு இது புதிதன்று. நிலத்துக்கு வாரம் போலக் கூரைக்கும் வாரம்!

2024 பிப்ரவரியில் மத்திய அரசு ஒரு கோடி வீடுகளுக்கென அறிவித்த பிரதமர் சூரிய வீட்டுத் திட்டத்தில், 3 கிலோவாட் வைப்பவர்க்கு 78,000 ரூபாய் மானியம் என்று வகுக்கப்பட்டது. இத்திட்டத்தில் ஆர்வத்துடன் முன்வந்த மாநிலங்களுள் கேரளமும் ஒன்று.

ஒரு கிலோவாட்டுக்கு ஏறத்தாழ 10 சதுர மீட்டர் இடம் வேண்டும். அது நாளொன்றுக்குச் சராசரி 4 யூனிட் தரும். 3 கிலோவாட் வைத்த வீட்டுக்கு மாதம் 360 யூனிட். சிறு குடும்பத்துக்கு இது தாராளம். பகலில் மிஞ்சுவதை வாரியத்தின் கம்பிக்குக் கொடுத்து, இரவில் திருப்பி வாங்கிக் கழித்துக்கொள்ளும் ஏற்பாட்டையே நெட் மீட்டர் என்பர்.

இங்கேதான் வாரியத்துக்கும் வீட்டுக்காரர்க்கும் வழக்கு வருகின்றது. பகலில் எல்லாக் கூரைகளும் ஒருசேர விளைக்கின்றன; அப்போது வேண்டுவார் குறைவு. மாலை ஆறு மணிக்குமேல் விளக்கும் விசிறியும் சமையற் கருவியும் ஒருசேர இயங்குகின்றன; அப்போது கதிரவன் மேலைக்கடலில் மறைந்துவிடுகின்றான். மலிந்த நேரத்தில் கொடுத்த பண்டத்தை அருகிய நேரத்தில் அதே அளவுக்குத் திருப்பிக் கேட்டால், அந்த வேறுபாட்டின் சுமையை யார் தாங்குவது? கூரையில்லாதவரின் கட்டணத்தில் அது ஏறும் என்பது ஒரு சாரார் வாதம். முதல்போட்டவரை நடுவழியில் கைவிடலாகாது என்பது மறுசாரார் வாதம். 2025-இல் ஒழுங்குமுறை ஆணையம் வரைவு விதிகளை வெளியிட்டபோது இவ்வாதம் மாநிலமெங்கும் ஒலித்தது. இரு சாராரிடமும் நியாயம் உண்டு. மின்சாரத்தைச் சேமித்து மாலையில் வழங்கும் பெரிய மின்கலங்கள் பரவினால் இவ்வழக்கு தணியும். குதிர் இல்லாத ஊரில் அறுவடை நாளில் நெல் மலியத்தானே செய்யும்?

கூரையில்லார் பங்கு

இவ்வளவும் சொன்னபின் தொடக்கத்தில் எழுப்பிய கேள்விக்கு வருவோம். மானியமும் நெட் மீட்டரும் கூரையுள்ளவர்க்கே. நம் காலனியை எடுத்துக்கொள்க. சொந்த வீடு கட்டியவர் சிலர். ஏனையோர் வாடகைக்கும், குவார்ட்டர்ஸிலும், அடுக்குமாடியிலும் இருப்போர். வாடகைக்கு இருப்பவர் மூன்றாண்டில் மாறிச் செல்வார். அவர் எதற்காகத் தகடு வைப்பார்? வீட்டுக்கு உரியவரோ, கட்டணம் கட்டுவது குடியிருப்பவர் என்று வாளாவிருப்பார். இருவருக்கும் நடுவில் வெயில் வீணே காய்கின்றது. அடுக்குமாடியில் மேல்தளத்தார் கூரை தமது என்பர். கீழ்த்தளத்தார் எமக்கும் பங்குண்டு என்பர். சட்டம் கீழ்த்தளத்தார் பக்கமே. 1983-ஆம் ஆண்டுக் கேரள அடுக்குமாடி உடைமைச் சட்டம் கூரையைப் பொது இடமாகவே கொள்கின்றது. இதனை அறியாது சச்சரவிடுவோர் பலர்.

ஒரு சிறு கணக்குப் போட்டுப் பார்ப்போம். நான்கு மாடி, பன்னிரண்டு வீடு. கூரை 3,000 சதுர அடி. அதாவது ஏறத்தாழ 280 சதுர மீட்டர். நீர்த்தொட்டிக்கும், துணி உலர்த்தவும், வற்றல் காயவைக்கவும் பாதியை விட்டுவிடுவோம். எஞ்சிய பாதியில் 14 கிலோவாட் வைக்கலாம். நாளொன்றுக்கு 56 யூனிட். பன்னிரண்டாற் பகுத்தால் குடும்பத்துக்கு நாலரை யூனிட்டுக்குச் சற்று மேல். மாதம் 140 யூனிட். சிங்கப்பூரில் இருபது மாடிக் கட்டிடத்தில் எண்பது வீடு என்று கொண்டால், அதே கூரையில் குடும்பத்துக்கு மாதம் 21 யூனிட்டே தேறும். ஆக, சிங்கப்பூரைவிட நமக்கு வாய்ப்பு மிகுதி. அவர்களிடம் உள்ளதும் நம்மிடம் இல்லாததும் ஒன்றே. அது கூடிச் செய்யும் ஒழுங்கு.

வழிகள் இல்லாமற் போகவில்லை. அடுக்குமாடிச் சங்கங்களின் பொதுத் தேவைக்கு, அதாவது மின்தூக்கிக்கும் பம்புக்கும் பொது விளக்குக்கும், கிலோவாட்டுக்கு 18,000 ரூபாய் மானியத்தை மேற்சொன்ன 2024-ஆம் ஆண்டுத் திட்டமே வகுத்தது. ஓரிடத்துக் கூரையில் விளைந்ததைப் பல வீட்டாரின் கட்டணத்தில் பங்கிட்டுக் கழிக்கும் முறைக்கு டில்லியில் 2019-இலேயே விதி வகுத்தனர். அத்தகைய முறை எங்கும் பரவினால், வாடகை வீட்டிலிருப்பவரும் பங்குதாரர் ஆகலாம்; வீடு மாறினாலும் பங்கு மாறாது. பள்ளிக்கூடத்தின் கூரை, திருமண மண்டபத்தின் கூரை, துறைக் குடியிருப்புகளின் கூரை ஆகியவை பகலெல்லாம் சும்மா கிடக்கும் தரிசு நிலங்கள். நடைமேடைக் கூரையில் இயன்றது குவார்ட்டர்ஸ் கூரையில் இயலாதா?

1929-இல் மின்விளக்கு வந்தபோது கம்பி சென்ற தெருவுக்கே வெளிச்சம் என்றோம். அது எல்லாத் தெருக்களுக்கும் வந்தது எவ்வாறு? நாட்டுடைமையான வாரியம் அமைந்தது. அணையின் செலவை அனைவரும் தாங்கினர். மலையில் பிறந்த மின்சாரம் குடிசைக்கும் இறங்கிற்று. இடுக்கியின் நீருக்கு எவரும் தனிப் பட்டா கேட்கவில்லை. கதிரவனின் ஒளிக்கு மட்டும் ஏன் கூரைப் பட்டா வேண்டும்?

ஆதலின் அன்பர்கள் தத்தம் காலனிக் கூட்டங்களில் மூன்று செய்திகளை எடுத்துப் பேசுமாறு வேண்டுகின்றோம். அடுக்குமாடியில் இருப்போர் கூரை பொது என்பதை உணர்ந்து, பொதுச்செலவுக்கேனும் கூடித் தகடு வைக்க முயல்க. வாடகைக்கு விட்டிருப்போர் குடியிருப்போருடன் பேசி, விளைவில் ஒரு வாரம் ஒப்புக்கொள்க. ஒன்றும் இயலாதோர், பங்கிட்டுக் கழிக்கும் முறையில் கூரையில்லாரையும் சேர்க்குமாறு ஆணையத்துக்கு எழுதுக. பலர் எழுதினால் பலன் உண்டு. வந்த ஊரில் பள்ளியும் நூலகமும் கூடி முயன்று கண்டவர் நாம். கூடி ஒரு கூரையை வயலாக்குவது நமக்கு அரியதன்று.

ஞாயிறு வீடு பார்த்து உதிப்பதில்லை. அதன் விளைவும் வீடு பார்த்துச் சேராதிருக்குமாறு செய்வது நம் கடமை.

வாழ்க தமிழ்! வளர்க நம் சங்கம்!